உள்ளே இருக்கிற காவலைக் கலைக்காதீங்க!

கர்ப்பமாக இருக்கிற பெண்கள் டாக்டரிடம் கேட்கத் தயங்குகிற கேள்வி ஒன்று உண்டு. வாந்தி பற்றிக் கேட்பார்கள். கால் வீக்கம் பற்றி, குழந்தையின் அசைவு பற்றி, குங்குமப்பூ சாப்பிட்டால் குழந்தை சிவப்பாகப் பிறக்குமா என்பது பற்றியெல்லாம் தாராளமாகக் கேட்பார்கள். ஆனால் இந்த ஒன்றை மட்டும், கணவர் எழுந்து வெளியே போன பிறகு, கதவுப் பக்கம் ஒருமுறை பார்த்துவிட்டு, குரலைத் தாழ்த்திக்கொண்டுதான் கேட்பார்கள்.

"டாக்டர்... வெள்ளை ரொம்பப் படுதே. குழந்தைக்கு எதுவும் ஆயிடாதே?"

இந்தக் கேள்வி என் காதுக்கு வந்து சேர்வதற்குள் வீட்டில் பாதி வைத்தியம் நடந்து முடிந்திருக்கும். டெட்டால் கலந்த தண்ணீரில் கழுவச் சொல்லி ஒருத்தர். வேப்பிலையைக் கொதிக்க வைத்துக் கழுவச் சொல்லி இன்னொருத்தர். மெடிக்கல் ஷாப்பில் ரோஜா வாசனையோடு ஒரு பாட்டில் கொடுத்திருப்பார்கள். 'உள்ளே வரைக்கும் நல்லா கழுவுடி, அப்பத்தான் கிருமி போகும்' என்று பக்கத்து வீட்டு அக்கா தனியாகக் கூப்பிட்டுச் சொல்லியிருப்பார். எல்லோருக்கும் நல்ல எண்ணம்தான். ஆனால் எல்லோரும் சேர்ந்து செய்கிற காரியம் என்ன தெரியுமா? வாசலில் நிற்கிற வாட்ச்மேனை, திருடன் என்று நினைத்து அடித்துத் துரத்துவது!

ஆமாம். பிறப்புறுப்புப் பாதையில் பாக்டீரியாக்கள் இருக்கின்றன. ஒன்றிரண்டு இல்லை, கோடிக்கணக்கில். என்ன, முகம் சுளிக்கிறீர்களா? வேண்டாம். அவை அங்கே இருப்பது அழுக்கினால் அல்ல. இருக்க வேண்டும் என்பதால் இருக்கின்றன.

இதை முதலில் தெளிவாகச் சொன்னவர் ஆல்பர்ட் டோடர்லைன் என்கிற ஜெர்மன் மகப்பேறு மருத்துவர். ஆண்டு 1892. பிரசவ ஜன்னி எத்தனையோ தாய்மார்களைக் கொண்டுபோன காலம் அது. அதற்குக் காரணம் தேடப்போனவர், கர்ப்பிணிகளின் யோனித் திரவத்தை எடுத்து ஆராய்ந்தார். குச்சி குச்சியாக ஒருவகை பாக்டீரியா தெரிந்தது. அது லாக்டிக் அமிலத்தைச் சுரந்து, நோய்க்கிருமிகளை வளரவிடாமல் செய்கிறது என்பதைக் கண்டுபிடித்தார். கவனியுங்கள்... அவர் இதைக் கண்டதே கர்ப்பிணிகளிடம்தான்! நெடுங்காலம் 'டோடர்லைன் பேசிலஸ்' என்றே அதை அழைத்தார்கள். இன்றைய பெயர் லாக்டோபேசிலஸ்.

சரி, இந்தக் காவல்காரர்களுக்குச் சாப்பாடு யார் போடுகிறார்கள்? நம் உடம்புதான். கர்ப்பம் தரித்ததும் ஈஸ்ட்ரோஜன் ஹார்மோன் மாதாமாதம் ஏறிக்கொண்டே போகும். அதனால் யோனிச் சுவரின் செல்கள் தடித்து, கிளைகோஜன் என்கிற சர்க்கரைச் சேமிப்பை நிறைய வைத்துக்கொள்கின்றன. அந்தச் செல்கள் உதிரும்போது உள்ளே இருக்கிற சர்க்கரை வெளியே வருகிறது. சோற்றை வாயில் வைத்து மென்றால் சற்று நேரத்தில் இனிக்கிறதே, அதற்குக் காரணமான அமைலேஸ் என்சைம்தான் இங்கேயும் அந்தக் கிளைகோஜனைச் சின்னச் சின்ன சர்க்கரையாக உடைத்துக் கொடுக்கிறது. லாக்டோபேசிலஸ் அதைச் சாப்பிட்டுவிட்டு லாக்டிக் அமிலத்தைத் தருகிறது. வேலைக்குக் கூலி மாதிரி என்று வைத்துக்கொள்ளுங்களேன். அந்த இடத்தின் அமிலத்தன்மை பி.ஹெச். கணக்கில் 3.5லிருந்து 4.5க்குள் இருக்கும். ஏறக்குறைய ஒரு தக்காளியின் புளிப்பு! அந்தப் புளிப்பில் பெரும்பாலான கெட்ட கிருமிகளால் தலையெடுக்க முடியாது.

மற்ற நாட்களிலும் இது நடக்கிறது. ஆனால் மாதம் ஒருமுறை குழப்பம் வந்துவிடும். மாதவிலக்கு ரத்தத்தில் புளிப்பு கிடையாது. அது வரும்போது அமிலம் நீர்த்துப் போகிறது. ஈஸ்ட்ரோஜனும் ஏறி இறங்குகிறது. காவல் சிதறி, மறுபடி கூடி, மறுபடி சிதறி... கர்ப்ப காலத்தில் அந்தத் தொல்லையே இல்லை. ஒன்பது மாதம் விலக்கு கிடையாது, ஹார்மோன் ஒரே திசையில் ஏறுகிறது, சாப்பாடு நிற்காமல் வருகிறது. காவல்காரர்கள் நிலையாக உட்கார்ந்துவிடுகிறார்கள்.

இது வெறும் ஊகம் இல்லை. 2014ல் அமெரிக்காவின் டெட்ராய்ட் நகர ஆராய்ச்சியாளர்கள் தலைமையில் ஓர் ஆய்வு வெளிவந்தது. நிறைமாதத்தில் நல்லபடியாகப் பிரசவித்த 22 பெண்களையும், கர்ப்பமாக இல்லாத 32 பெண்களையும் ஒப்பிட்டுப் பார்த்தார்கள். கர்ப்பிணிகளின் பாக்டீரியாக் கூட்டம் மற்றவர்களுடையதைவிட நிலையாக இருந்தது. மாறினாலும் பெரும்பாலும் ஒரு லாக்டோபேசிலஸ் வகை போய் இன்னொரு லாக்டோபேசிலஸ் வகை வந்தது. அதாவது ட்யூட்டி மாறியதே தவிர, காவல் மாறவில்லை! அடுத்த ஆண்டு, கலிஃபோர்னியாவின் ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகத்தில் 49 கர்ப்பிணிகளிடம் வாராவாரம் சாம்பிள் எடுத்துப் பார்த்தார்கள். அங்கேயும் கர்ப்பகாலம் முழுக்க பெரிய மாற்றம் இல்லாத ஒரு அமைதிதான் தெரிந்தது.

இங்கே ஒரு விஷயத்தை மறைக்காமல் சொல்லிவிட வேண்டும். எல்லாப் பெண்களுக்கும் ஒரே மாதிரி காவல் இல்லை. 2011ல் அமெரிக்காவில் வெள்ளையர், கறுப்பினத்தவர், ஹிஸ்பானியர், ஆசியர் என்று 396 ஆரோக்கியமான பெண்களைப் பரிசோதித்தபோது, கிட்டத்தட்ட நான்கில் மூன்று பேரிடம்தான் லாக்டோபேசிலஸ் கோலோச்சியது. மீதிப் பேரிடம் பல வகை பாக்டீரியாக்கள் கலந்து இருந்தன. அவர்களும் எந்தத் தொந்தரவும் இல்லாமல்தான் இருந்தார்கள். லாக்டோபேசிலஸ் குடும்பத்திலேயும் எல்லோரும் ஒன்றில்லை. 'கிறிஸ்பேட்டஸ்' என்கிற வகை ஊன்றி நிற்கும். 'இனெர்ஸ்' என்கிற வகை அவ்வளவு நம்பகமானதில்லை... காற்றடிக்கிற பக்கம் சாயும். ஆகவே, ஏதாவது லேப் ரிப்போர்ட்டில் 'லாக்டோபேசிலஸ் குறைவு' என்று போட்டிருப்பதைப் பார்த்துவிட்டு ராத்திரி தூக்கத்தைத் தொலைக்காதீர்கள்.

இப்போது அந்த வெள்ளைப்படுதலுக்கு வருவோம்.

கர்ப்ப காலத்தில் வெள்ளை அதிகமாகப் படுவது இயற்கை. ரத்த ஓட்டம் கூடுகிறது, செல்கள் அதிகமாக உதிர்கின்றன, சளி மாதிரியான திரவமும் கூடுகிறது. பால் நிறத்திலோ, நிறமில்லாமலோ, பெரிய வாடை இல்லாமல், அரிப்பு இல்லாமல் இருந்தால் அது நோயே இல்லை. நம் ஊரில் 'வெட்டை', 'உடம்பு உருகி வெளியே போகுது', 'எலும்பில இருக்கிற சத்தெல்லாம் கரையுது' என்று சொல்லியே எத்தனை பெண்களை நடுங்க வைத்திருக்கிறோம்! அதில் எலும்பும் இல்லை, சத்தும் இல்லை. உதிர்ந்த செல்லும், தண்ணீரும், அந்தக் காவல்காரர்களும்தான். மாதம் ஏற ஏற இன்னும் கொஞ்சம் கூடும். பருத்தி உள்ளாடை போட்டுக்கொண்டு, நனைந்தால் மாற்றிக்கொண்டால் போதும்.

ஆனால் மீன் வாடை வந்தால்? திரவம் சாம்பல் நிறமாக, மஞ்சளாக, பச்சையாக இருந்தால்? தயிர்க்கட்டி மாதிரி திப்பி திப்பியாக வந்து அரிப்பு பிடுங்கினால்? எரிச்சல் இருந்தால்? அது வேறு கதை. உடனே டாக்டரிடம் சொல்ல வேண்டும். ரத்தம் கலந்திருந்தாலோ, தண்ணீர் மாதிரி நிற்காமல் வழிந்தாலோ 'நாளைக்குப் பார்க்கலாம்' என்பதே கூடாது. பனிக்குடம் கசிகிறதோ என்று அன்றைக்கே பார்க்க வேண்டும்.

அந்த மீன் வாடைக்காரனுக்கு 'பாக்டீரியல் வெஜைனோசிஸ்' என்று பெயர். வெளியிலிருந்து ஒரு புதுக் கிருமி வந்து தொற்றுவதைவிட, உள்ளே காவல் குறைந்து, மற்ற பாக்டீரியாக்கள் பெருகி, புளிப்பும் குறைந்துபோகிற நிலை என்று புரிந்துகொள்ளுங்கள். 1995ல் அமெரிக்காவில் பத்தாயிரத்துக்கும் அதிகமான கர்ப்பிணிகளைத் தொடர்ந்து கவனித்த ஆய்வில், இந்த நிலை இருந்தவர்களுக்குக் குறைமாதத்தில் எடை குறைந்த குழந்தை பிறக்கும் வாய்ப்பு மற்றவர்களைவிட 40 சதவிகிதம் அதிகம் என்று தெரிந்தது. குறைப்பிரசவம் நமக்குச் சின்ன விஷயமா? 2020ல் உலகம் முழுக்க சுமார் 1 கோடியே 34 லட்சம் குழந்தைகள் குறைமாதத்தில் பிறந்தன. அதில் சுமார் 30 லட்சம் நம் இந்தியாவில். வேறெந்த நாட்டிலும் இவ்வளவு இல்லை.

'அப்படின்னா எல்லா கர்ப்பிணிக்கும் டெஸ்ட் பண்ணி, கிருமி இருந்தா ஆன்டிபயாடிக் கொடுத்துட வேண்டியதுதானே?' என்று கேட்பீர்கள். நியாயமான கேள்வி. டாக்டர்களும் அப்படித்தான் நினைத்தார்கள். 2000ல் அமெரிக்காவில், தொந்தரவு எதுவும் இல்லாமல் டெஸ்ட்டில் மட்டும் வெஜைனோசிஸ் தெரிந்த சுமார் இரண்டாயிரம் கர்ப்பிணிகளில் பாதிப் பேருக்கு மெட்ரோனிடசோல் மாத்திரை, மீதிப் பேருக்கு மருந்தில்லாத வெறும் மாத்திரை என்று கொடுத்துப் பார்த்தார்கள். மாத்திரை வேலை செய்தது, நிறையப் பேருக்கு வெஜைனோசிஸ் போனது. ஆனால் குறைப்பிரசவம்? குறையவில்லை! 2018ல் பிரான்சில் 84 ஆயிரத்துக்கும் அதிகமான கர்ப்பிணிகளைப் பரிசோதித்து, அதில் குறைப்பிரசவ ஆபத்து குறைவாக இருந்தவர்களுக்கு வேறொரு ஆன்டிபயாடிக்கைக் கொடுத்துப் பார்த்தார்கள். அதே முடிவு. குறைப்பிரசவ ஆபத்து அதிகமில்லாத, தொந்தரவும் இல்லாத கர்ப்பிணிகளுக்கு இந்த டெஸ்ட்டே வேண்டாம் என்று 2020ல் அமெரிக்க நிபுணர் குழு சொல்லிவிட்டது.

ஏன் இப்படி? என் அபிப்பிராயத்தைச் சொல்கிறேன். திருடனைப் பிடித்துக்கொடுப்பது வேறு, காவல்காரனைத் திரும்பக் கொண்டுவந்து நிறுத்துவது வேறு. மாத்திரை முதல் வேலையைத்தான் செய்யும். இரண்டாவது வேலையைச் செய்ய நம்மிடம் இன்னும் சரியான மருந்து இல்லை. அதனால்தான் சொல்கிறேன்... இருக்கிற காவலைக் கலைக்காமல் இருப்பது, கலைத்துவிட்டு வைத்தியம் தேடுவதைவிடப் பத்து மடங்கு புத்திசாலித்தனம்.

இதைப் படித்துவிட்டு, டாக்டர் எழுதிக்கொடுத்த மாத்திரையைக் குப்பையில் போட்டுவிடாதீர்கள்! வாடையோ, வழக்கத்துக்கு மாறான திரவமோ இருந்தால் கர்ப்பத்திலும் கட்டாயம் வைத்தியம் வேண்டும், பாதுகாப்பான மருந்தும் இருக்கிறது. சிறுநீர் டெஸ்ட்டும் வேறு விஷயம். கர்ப்பிணியின் சிறுநீர் கல்ச்சரில் கிருமி போதிய அளவு இருந்தால், எரிச்சல் இல்லாவிட்டாலும் மருந்து கொடுத்தே ஆகவேண்டும். இல்லாவிட்டால் அது சிறுநீரகம் வரை ஏறும். சிறுநீரில் கிருமி இருக்கக்கூடாது, பிறப்புறுப்புப் பாதையில் பாக்டீரியா இருக்க வேண்டும். ஒரு சாண் இடைவெளிகூட இல்லாத இரண்டு இடங்கள்... சட்டம் வேறு வேறு!

ஏழாவது மாதத்தில் ஒரு பெண் என்னிடம் வந்தார். படித்தவர், பேங்க் உத்தியோகம். வேறொரு இடத்தில், தொந்தரவு எதுவும் இல்லாமலேயே 'எதற்கும் பார்த்துவிடலாம்' என்று திரவத்தை எடுத்துக் கல்ச்சர் பண்ணியிருக்கிறார்கள். ஈ.கோலை என்று ரிப்போர்ட் வந்திருக்கிறது. ஐந்து நாள் ஆன்டிபயாடிக். அது முடிந்த வாரமே தாங்க முடியாத அரிப்பு. ஈஸ்ட் தொற்று! கர்ப்பத்தில் சர்க்கரை கூடுதலாகக் கிடைப்பதால் ஈஸ்டுக்கு ஏற்கெனவே கொண்டாட்டம். ஆன்டிபயாடிக் போனால் கேட்கவே வேண்டாம். அரிப்பு தாங்காமல் அவர் சோப்புப் போட்டு ஒரு நாளைக்கு நாலு தடவை உள்ளேயும் கழுவ ஆரம்பித்துவிட்டார். இன்னும் புண். "கிருமிக்குப் பயந்துதானே டாக்டர் கழுவினேன்" என்று அழுதார். பயத்தை விதைத்தது யார்? ரிப்போர்ட்டில் வந்த ஒரு பெயருக்கு மருந்து எழுதிய கை. ஏழு நாள் உள்ளே வைக்கிற க்ளோட்ரிமசோல் மாத்திரையும், 'சோப்பை நிறுத்தும்மா' என்கிற ஒரு வார்த்தையும் போதுமானதாக இருந்தது.

இந்தக் கழுவுகிற பைத்தியம் நம் நாட்டுக்கு மட்டும் சொந்தமில்லை. இருபதாம் நூற்றாண்டின் முதல் பாதியில் அமெரிக்காவில் வீட்டைச் சுத்தம் செய்கிற கிருமிநாசினியையே 'பெண்களின் அந்தரங்க சுகாதாரத்துக்கு' என்று பத்திரிகைகளில் விளம்பரம் போட்டு விற்றார்கள். 'கணவனின் அன்பு குறைகிறதா? நீ சுத்தமாக இல்லை' என்பதுதான் அந்த விளம்பரங்களின் சாரம். உள்ளே தண்ணீரைப் பீய்ச்சிக் கழுவுகிற பழக்கம் உள்ளவர்களிடம் வெஜைனோசிஸ் அதிகம் என்று பிறகு தெரிந்தது. இன்றைக்கு பாட்டில் அழகாகிவிட்டது, வாசனை ரோஜாவாகிவிட்டது. விற்பது மட்டும் அதே வெட்கத்தைத்தான். யோனி தன்னைத்தானே சுத்தம் செய்துகொள்கிற உறுப்பு. உள்ளே எதுவும் வேண்டாம். வெளிப்பக்கம் சாதாரணத் தண்ணீர், கழுவுவது முன்னாலிருந்து பின்னால். இதற்கு எவ்வளவு செலவு? ஒரு பைசா இல்லை. அதனால்தானோ என்னவோ யாரும் விளம்பரம் செய்வதில்லை!

'அப்போ தயிர் சாப்பிட்டா லாக்டோபேசிலஸ் கூடுமா டாக்டர்?' தயிர் சாப்பிடுங்கள், கால்சியத்துக்கு நல்லது. ஆனால் தயிரில் இருக்கிறவர்கள் வேறு, இங்கே காவல் நிற்கிறவர்கள் வேறு. இன்ஷியல் ஒன்றாக இருக்கிறது என்பதற்காக இருவரும் ஒரே ஆள் ஆகிவிடுவார்களா? தயவுசெய்து அதை உள்ளே தடவிக்கொள்ளவும் வேண்டாம். 'புரோபயாடிக்' கேப்ஸ்யூல் விற்கிறார்களே என்றால், 2020ல் வெளிவந்த ஒரு பிரிட்டிஷ் ஆய்வில் கர்ப்பத்தின் ஆரம்பத்திலிருந்தே அதை விழுங்கியவர்களுக்கும் விழுங்காதவர்களுக்கும் யோனி பாக்டீரியாவில் வித்தியாசம் காணோம். கிறிஸ்பேட்டஸ் வகையையே நேராக உள்ளே வைத்துப் பார்த்த அமெரிக்க ஆய்வு ஒன்றும் அதே ஆண்டில் வந்தது. வெஜைனோசிஸுக்கு ஜெல் சிகிச்சை முடித்த 228 பெண்களில், அதை வைத்துக்கொண்டவர்களில் 30 சதவிகிதம் பேருக்கும், வைக்காதவர்களில் 45 சதவிகிதம் பேருக்கும் மூன்று மாதத்துக்குள் வெஜைனோசிஸ் திரும்பி வந்தது. நம்பிக்கை தருகிற சேதிதான். ஆனால் அந்த ஆய்வில் கர்ப்பிணிகளைச் சேர்க்கவில்லை. ஆகவே கடைக்காரர் அதைக் காட்டி எதையாவது நீட்டினால் கையைக் கட்டிக்கொள்ளுங்கள்.

கணவர்மார்களே, இந்தப் பக்கத்தைப் புரட்டிவிட்டு கிரிக்கெட்டுக்குப் போய்விடாதீர்கள். மனைவி 'வாடை வருதுங்க' என்று சொன்னால் அது உங்கள் மேல் சந்தேகமும் இல்லை, அவர் மேல் குற்றமும் இல்லை. ஆட்டோ பிடிப்பதுதான் உங்கள் வேலை. மாமியார்மார்களுக்கும் ஒரு வேண்டுகோள்... உங்கள் மருமகள் கழுவுவது போதவில்லை என்று நீங்கள் நினைத்தால், அந்த நினைப்பை மனசோடு வைத்துக்கொள்ளுங்கள்! எங்கள் டாக்டர்களுக்கும் சொல்ல ஒன்று இருக்கிறது. ஒவ்வொரு செக்கப்பிலும் பி.பி. பார்க்கிறோம், எடை பார்க்கிறோம். 'வெள்ளை எப்படி இருக்கு, வாடை இருக்கா, அரிப்பு இருக்கா?' என்று நாமே முந்திக்கொண்டு கேட்க அரை நிமிஷம் ஆகாது. நாம் கேட்டால் அந்தப் பெண் கதவைத் திரும்பிப் பார்க்க வேண்டிய அவசியம் இல்லை.

பிரசவத்துக்குப் பிறகு என்ன ஆகிறது என்பதுதான் எனக்கே ஆச்சரியமான சேதி. நஞ்சுக்கொடி வெளியே வந்ததும் ஈஸ்ட்ரோஜன் தடாலென்று விழுகிறது. சாப்பாடு நின்றுபோகிறது. ரத்தப்போக்கு வேறு. ஸ்டான்ஃபோர்டு ஆய்வில் பார்த்த பெண்களில் நிறையப் பேருக்குப் பிரசவத்தோடு லாக்டோபேசிலஸ் கூட்டம் கலைந்து, வேறு பாக்டீரியாக்கள் பலவும் குடியேறின. நார்மல் டெலிவரியா, சிசேரியனா என்பதில் வித்தியாசம் இல்லை. இது நோய் இல்லை, பயப்பட வேண்டாம். பேடை அடிக்கடி மாற்றி, காய்ந்த துணியாக உடுத்தினால் போதும். ஆனால் சிலருக்குப் பழைய காவல் திரும்ப ஒரு வருஷம்கூட ஆனது. அடுத்தடுத்துக் கர்ப்பம் தரித்தால் குறைப்பிரசவ ஆபத்து கூடுவதற்கு இதுவும் ஒரு காரணமாக இருக்கலாம் என்று அந்த ஆராய்ச்சியாளர்கள் சந்தேகப்படுகிறார்கள். ஒரு குழந்தை பிறந்து குறைந்தது 24 மாதமாவது கழித்தே அடுத்த கர்ப்பத்துக்கு முயற்சி செய்ய வேண்டும் என்று உலக சுகாதார நிறுவனம் சொல்வது வேறு பல காரணங்களுக்காக. இனி அந்த லிஸ்ட்டில் இதையும் சேர்த்துக்கொள்ளலாம். மூன்று மாதக் குழந்தை உங்கள் மடியில் இருக்கும்போதே 'தம்பிப் பாப்பா எப்போ?' என்று கேட்கிற அத்தை யாராவது வீட்டுக்கு வந்தால், காபி கொடுத்துவிட்டு இந்தப் பக்கத்தையும் கையில் கொடுத்துவிடுங்கள்.